அழகுக்கும் பார்வைக்கும் நடுவே: இமைமுடியும் லேசரும் கடந்து வந்த பாதை

ஜொகூர் பாருவில் வார இறுதி வந்துவிட்டால் அழகு நிலையங்களில் இடம் கிடைப்பது சிரமம். சிங்கப்பூரை விடச் செலவு குறைவு என்று பாலம் கடந்து வருகிறவர்கள் ஒரு பக்கம், தீபாவளிக்கும் திருமணத்திற்கும் முகத்தை எடுப்பாக்கிக் கொள்ள வரும் உள்ளூர்ப் பெண்கள் மறுபக்கம். இமைமுடி ஒட்டுதல், இமைமுடியைச் சுருட்டி உயர்த்துதல், இமைமுடிக்குச் சாயம் பூசுதல் என்று விலைப்பட்டியல் நீளுகிறது. அதே நகரில் கண்ணாடியைக் கழற்றி எறியச் சொல்லும் லேசர் சிகிச்சை விளம்பரங்களுக்கும் பஞ்சமில்லை. எனவே, “இமைமுடி ஒட்டியிருக்கிறேன். லேசர் செய்துகொள்ளலாமா? செய்த பிறகு எப்போது மறுபடியும் ஒட்டலாம்?” என்ற கேள்வி எழுவதில் வியப்பில்லை. விளையாட்டான கேள்வி போலத் தோன்றும். ஆனால் இதற்குப் பின்னால் பறிபோன கண்களின் வரலாறு ஒன்று இருக்கிறது.

கண்ணுக்கு மை தீட்டுவது நமக்குப் புதிதல்ல. விளக்கெண்ணெய் விளக்கேற்றி, மேலே பித்தளைத் தட்டைக் கவிழ்த்து, படிந்த கரியை வழித்தெடுத்து நெய்யில் குழைத்த பாட்டிமார்கள் நம் தோட்டப்புறங்களில் இருந்தார்கள். அந்தக் கரியில் ஈயம் இல்லை. கடைகளில் விற்கப்படும் சில சுர்மா வகைகளில் ஈய சல்பைடு உண்டு. அது குழந்தைகளின் இரத்தத்தில் சேர்ந்தால் மூளை வளர்ச்சியைப் பாதிக்கும். அமெரிக்காவில் அத்தகைய மையை விற்க அனுமதியே இல்லை. வீட்டு மையிலும் கைச்சுத்தம் போதாவிட்டால் கிருமி வரும் என்பது வேறு விஷயம். இமைமுடி உள்நோக்கி வளைந்து கருவிழியை உரசும் நோய்க்குச் சுசுருதர் அறுவை முறையே சொல்லி வைத்திருக்கிறார். ஒரு முடி தடம் மாறினாலும் பார்வைக்கு ஆபத்து என்பதை அந்தக் காலத்து வைத்தியர்கள் அறிந்திருந்தார்கள்.

ஒட்டு இமைமுடியைப் பிரபலப்படுத்தியது சினிமா. 1916ஆம் ஆண்டில் டி.டபிள்யூ. கிரிஃபித் ‘இன்டாலரன்ஸ்’ படத்தை எடுத்தபோது, நடிகை சீனா ஓவனுக்கு நீண்ட இமைமுடி வேண்டும் என்றார். விக் தயாரிப்பவர் மனித முடியைப் பின்னிப் பசையால் ஒட்டினார். ஒரு நாள் அந்த நடிகை கண்கள் வீங்கி, ஏறக்குறைய மூடிய நிலையில் படப்பிடிப்புக்கு வந்ததாக லில்லியன் கிஷ் தம் நினைவுகளில் எழுதியிருக்கிறார். முதல் ஒட்டு இமைமுடிகளில் ஒன்றே முதல் எச்சரிக்கையாகவும் அமைந்துவிட்டது!

பெரிய விபரீதம் 1933ஆம் ஆண்டில் வெளிச்சத்துக்கு வந்தது. அமெரிக்க அழகு நிலையங்களில் ‘லாஷ் லூர்’ என்ற இமைச் சாயம் புழக்கத்தில் இருந்தது. அதில் இருந்தது பாராஃபினிலின் டயமின் என்னும் இரசாயனம். இன்றைக்கும் தலைமுடிச் சாயத்திலும், கல்யாண வீட்டில் சிலர் வைத்துக்கொள்ளும் ‘கறுப்பு மருதாணி’யிலும் இருப்பது அதுவேதான். பள்ளிப் பெற்றோர் ஆசிரியர் சங்க விருந்துக்குப் புறப்படவிருந்த ஒரு தாய், புருவத்துக்கும் இமைக்கும் அந்தச் சாயத்தைப் பூசிக்கொண்டார். அன்று இரவே கண்கள் எரிந்தன. பிறகு கருவிழிகள் புண்ணாகிப் பார்வையே போய்விட்டது. வேறொரு பெண் அதே சாயத்தால் உயிரையே இழந்தார்.

இதில் வேதனை என்னவென்றால், அரசாங்கத்தால் அந்தச் சாயத்தைத் தடுக்க முடியவில்லை. 1906ஆம் ஆண்டுச் சட்டம் உணவையும் மருந்தையும் மட்டுமே கண்காணித்தது. அழகுப் பொருள்கள் அதன் வரம்புக்குள் வரவே இல்லை. அதிகாரிகள் வேறு வழியின்றி, பாதிக்கப்பட்ட பெண்ணின் முந்தைய, பிந்தைய புகைப்படங்களைக் கண்காட்சியாக வைத்தார்கள். பத்திரிகைகள் அதற்கு ‘அமெரிக்கப் பயங்கரக் கூடம்’ என்று பெயர் சூட்டின. அதிபரின் துணைவியார் எலினோர் ரூஸ்வெல்டும் அதைப் பார்த்து மனம் கலங்கினார். அப்படியும் ஐந்து ஆண்டுகள் சென்ற பிறகே, 1938ஆம் ஆண்டில் புதிய சட்டம் வந்தது. அந்தச் சட்டத்தின் கீழ் முதலில் கைப்பற்றப்பட்ட பொருள் லாஷ் லூர். அந்த ஐந்தாண்டுகளும் அது கடைகளில் தாராளமாக விற்பனையானது என்பதை மறந்துவிடக் கூடாது.

சட்டம் வந்ததால் எல்லாம் சரியாகிவிடவில்லை. மஸ்காரா புட்டிக்குள் கிருமி வளர்ந்து, தூரிகை லேசாகக் கருவிழியைக் கீறியதும் அதே இடத்தில் சூடோமோனாஸ் புண் வந்த நிகழ்வுகளை 1977ஆம் ஆண்டில் அமெரிக்க ஆய்வாளர்கள் பதிவு செய்தார்கள். இன்று ஒட்டுமுடிக்குப் பயன்படும் பசை சயனோஅக்ரிலேட் வகையைச் சேர்ந்தது. சில பசைகள் ஃபார்மல்டிஹைடை வெளிவிடும். இமை ஓரத்தில் கண்ணீரின் எண்ணெய்ப் படலத்தைச் சுரக்கும் நுண் சுரப்பிகள் வரிசையாக உள்ளன. பசையும் அழுக்கும் சேர்ந்து அந்த வாயில்களை அடைத்தால் கண் உலர்ந்து எரியும். ஒட்டிய முடி கொட்டிவிடுமே என்ற பயத்தில் பலர் இமையைக் கழுவுவதே இல்லை. அங்கேதான் வினை தொடங்குகிறது.

முடி நீளமாக இருந்தால் கண்ணுக்கு அதிகப் பாதுகாப்பு என்று நினைப்பவர்களும் உண்டு. ஜார்ஜியா தொழில்நுட்பக் கழக ஆய்வாளர்கள் 22 பாலூட்டி விலங்குகளின் இமைமுடியை அளந்து 2015ஆம் ஆண்டில் முடிவை வெளியிட்டார்கள். முடியின் நீளம் கண்ணின் அகலத்தில் மூன்றில் ஒரு பங்கு இருந்தால் காற்றும் தூசியும் மிகக் குறைவாகக் கண்ணைத் தொடுகின்றன. அதற்கு மேல் நீண்டால், முடியே காற்றைக் கண்ணுக்குள் திருப்பிவிடுகிறது. இயற்கை கொடுத்த அளவு சரியான அளவாகத்தான் இருக்கிறது.

இமைமுடியை மருந்தால் வளர்க்கும் முறையும் தற்செயலாக வந்ததே. கண் அழுத்த நோய்க்கு 2001ஆம் ஆண்டில் அனுமதி பெற்ற பைமாட்டோபுரோஸ்ட் சொட்டு மருந்தைப் பயன்படுத்தியவர்களுக்கு இமைமுடி நீண்டு அடர்ந்தது. 2008 டிசம்பரில் அதே மருந்து இமைமுடிக்காகவே அமெரிக்காவில் அனுமதி பெற்றது. கண்ணின் நிறம் நிரந்தரமாகக் கருமையடையலாம், இமைத்தோல் கருக்கலாம் என்பது அதன் பக்க விளைவு. மருத்துவர் எழுதித் தர வேண்டிய இம்மருந்தை, ‘சீரம்’ என்ற பெயரில் இணையத்தில் வாங்குவது சொந்தக் கண்ணை வைத்துச் சூதாடுவதற்குச் சமம்.

இனி லேசருக்கு வருவோம். கருவிழியை வெட்டிக் கண்ணாடியை ஒழிக்கும் ஆசை லேசருக்கும் முந்தியது. ஜப்பானின் சுடோமு சாடோ 1930களின் இறுதியில், கருவிழியின் உட்புறமும் வெளிப்புறமும் கீறல் போட்டுக் கிட்டப்பார்வையைக் குறைத்தார். தொடக்கத்தில் பலன் நன்றாகத் தெரிந்தது. ஆனால் உட்புறக் கீறல் கருவிழியைத் தெளிவாக வைத்திருக்கும் உயிரணுக்களை அழித்துவிட்டது. பத்து, இருபது ஆண்டுகள் கழித்துப் பலருடைய கருவிழி வீங்கி மங்கியது. அறுவை முடிந்த மறுவாரம் பார்வை தெளிவாக இருப்பது வெற்றிக்குப் போதுமான சான்று அல்ல என்று கண் மருத்துவ உலகம் கற்றது அப்போதுதான். 1970களில் ரஷ்யாவின் ஃபியோதோரோவ் வெளிப்புறத்தில் மட்டும் ஆரக் கீறல்கள் போட்டார். அந்த முறையும் உலகெங்கும் பரவிப் பிறகு மங்கியது.

இங்கேதான் நம்மவர் ஒருவர் வருகிறார். சென்னைப் பல்கலைக்கழகத்தில் 1949, 1950ஆம் ஆண்டுகளில் பட்டங்கள் பெற்று, அமெரிக்காவில் முனைவர் பட்டம் முடித்து, ஐ.பி.எம். ஆய்வுக்கூடத்தில் பணியாற்றியவர் ரங்கசாமி சீனிவாசன். புற ஊதா எக்ஸைமர் லேசரைப் பிளாஸ்டிக் மீது பாய்ச்சி ஆராய்ந்து கொண்டிருந்தார். 1981 நவம்பரில், நன்றி கூறும் விருந்தில் மிஞ்சிய வான்கோழியை மறுநாள் ஆய்வுக்கூடத்துக்கு எடுத்துச் சென்றார். 193 நானோமீட்டர் அலைநீளமுள்ள ஒளி பட்ட இடத்தில், பக்கத்துத் திசு கருகாமல், கத்தியால் சீவியது போலத் துல்லியமாகக் குழி விழுந்தது. ஒப்பிடுவதற்காகப் பச்சை லேசரைப் பாய்ச்சியபோது திசு கருகிப்போனது. சாமுவேல் பிளம், ஜேம்ஸ் வைன் ஆகியோருடன் அவர் கண்ட இந்த உண்மையே இன்றைய லேசர் கண் சிகிச்சையின் அடிப்படை. ஒரு மனித முடியிழையின் மீது ‘ஐபிஎம்’ என்ற எழுத்துகளைச் செதுக்கிக் காட்டிய புகைப்படமும் அந்த ஆய்வுக்கூடத்தில் பிறந்ததே. இன்றைய இமைமுடி மோகத்தை எண்ணும்போது இது வேடிக்கையான பொருத்தம்.

நியூயார்க் கண் மருத்துவர் ஸ்டீபன் ட்ரோகலும் சீனிவாசனும் இணைந்து, விலங்குகளின் கருவிழியில் செய்து பார்த்ததை 1983 டிசம்பரில் வெளியிட்டார்கள். 1988ஆம் ஆண்டில் அமெரிக்க மருத்துவர் மார்கரீட் மெக்டொனால்ட், பார்வையுள்ள கண்ணில் முதன்முதலாக இதைச் செய்தார். புற்றுநோயால் எப்படியும் அகற்றப்படவிருந்த தம் கண்ணை ஒரு பெண்மணி இந்தச் சோதனைக்காகக் கொடுத்தார். அந்தத் துணிவுக்கு உரிய புகழ் அவருக்குக் கிடைத்ததாகத் தெரியவில்லை. பிறகு கிரேக்கத்தின் பாலிகாரிஸ், கருவிழியின் மேல் படலத்தை மூடி போலத் திறந்து, உள்ளே லேசர் செலுத்தி, மறுபடி மூடும் முறைக்கு ‘லாசிக்’ என்று பெயரிட்டார். 1995ஆம் ஆண்டில் அமெரிக்காவில் எக்ஸைமர் லேசருக்கு அனுமதி கிடைத்தது. சீனிவாசன் உள்ளிட்ட மூவருக்கும் 2013ஆம் ஆண்டில் அதிபர் ஒபாமா தேசியத் தொழில்நுட்பப் பதக்கத்தை அணிவித்தார்.

லேசர் பாதுகாப்பானதா? கணக்குத் தெரிந்தவருக்குப் பெரும்பாலும் ஆம். கருவிழியின் நடுப்பகுதி ஏறக்குறைய 540 மைக்ரான், அதாவது அரை மில்லிமீட்டர் தடிப்பு. மூடியைத் திறக்க 110 மைக்ரான் அளவு போய்விடும். ஒவ்வொரு ‘பவருக்கும்’ லேசர் சுமார் 12 மைக்ரான் சீவும். மூடிக்கு அடியில் குறைந்தது 250 மைக்ரான் மிஞ்ச வேண்டும் என்பது நெடுநாளைய விதி. 480 மைக்ரான் கருவிழியும் மைனஸ் பத்து பவரும் உள்ளவரை எண்ணிப் பாருங்கள். மீதி சரியாக எல்லைக்கோட்டில் நிற்கிறது. அதைப் பொருட்படுத்தாமல் சீவினால் கருவிழி பலவீனமாகி முன்னே பிதுங்கும். ஜெர்மனியின் தியோ ஸைலர் இந்தச் சிக்கலை 1998ஆம் ஆண்டிலேயே எடுத்துரைத்தார்.

உலர்கண் மற்றொரு தொல்லை. மூடியைத் திறக்கும்போது கருவிழி நரம்புகள் அறுபடுகின்றன. சிகிச்சைக்கு முன் எந்தக் குறையும் இல்லாதவர்களில் 46 விழுக்காடு வரையிலானோர் மூன்று மாதம் கழித்து ஒளிவட்டம், இரட்டைத் தோற்றம் போன்ற ஏதாவதொரு புதுக் குறையைச் சொன்னதாகவும், 30 விழுக்காடு வரையிலானோர் கண் உலர்வதாகக் கூறியதாகவும் அமெரிக்க அரசு நடத்திய ஆய்வு 2017ஆம் ஆண்டில் தெரிவித்தது. அன்றாட வேலைகளில் பெரும் சிரமம் என்றவர்கள் ஒரு விழுக்காட்டுக்கும் குறைவு. பெரும்பாலோர் மனநிறைவோடுதான் இருந்தார்கள். இரண்டு பக்கத்தையும் சேர்த்துச் சொல்லாத விளம்பரம் பாதி உண்மையே.

இமைமுடியும் லேசரும் சந்திப்பது இந்த உலர்கண்ணில்தான். பசையால் சுரப்பி அடைபட்டு ஏற்கெனவே உலர்ந்திருக்கும் கண்ணில் லேசர் செய்தால் தொல்லை இரட்டிப்பாகும். உதிரும் பசைத் துணுக்கோ மஸ்காரா துகளோ மூடிக்கு அடியில் சிக்கினால் அழற்சியும் கிருமித்தொற்றும் வரலாம். மூடி பழைய உறுதியைத் திரும்பப் பெறுவதில்லை; ஒட்டுமுடி அரித்துக் கண்ணைக் கசக்கினால் அது நகரக்கூடும். மென்மையான லென்ஸை இரண்டு வாரம் முன்பே நிறுத்துங்கள், முந்தைய நாள் முதல் மை, க்ரீம், வாசனைத் திரவியம் வேண்டாம், அறுவைக்குப் பின் இரண்டு வாரம் கண்ணைச் சுற்றி ஒப்பனை வேண்டாம் என்பது அமெரிக்க மருந்து ஆணையத்தின் அறிவுரை. ஒட்டுமுடியை முன்கூட்டியே கழற்றிவிடச் சொல்லும் மருத்துவர்கள், திரும்ப ஒட்டுவதற்கு மேலும் சில வாரங்கள் பொறுக்கச் சொல்கிறார்கள். அழகு நிலையத்தில் முன்பணம் கட்டிவிட்டோம் என்பதற்காக அந்த வாரங்களைச் சுருக்க முடியாது.

மலேசியாவில் அழகுப் பொருள்கள் 1984ஆம் ஆண்டு மருந்து, அழகுப் பொருள் கட்டுப்பாட்டு விதிகளின் கீழ் வருகின்றன. 2008 முதல், பதிவுக்குப் பதிலாக அறிவிப்பு முறை நடப்பில் உள்ளது. பொருளுக்கு ‘நோட்’ என்று தொடங்கும் எண் இருக்கும். சுகாதார அமைச்சின் மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பின் இணையத் தளத்தில் அதைச் சரிபார்க்கலாம். எண் இருக்கிறது என்றால் அரசாங்கம் முன்கூட்டியே சோதித்துப் பார்த்தது என்று பொருளல்ல. பொருளுக்குப் பொறுப்பேற்கும் நிறுவனம் யார் என்று தெரியும், அவ்வளவே. லேசர் ஆலோசனைக்குப் போகும்போது கருவிழியின் தடிப்பு எத்தனை மைக்ரான், சீவிய பிறகு மிஞ்சுவது எத்தனை, கண்ணீர்ச் சோதனையின் அளவு என்ன என்று மூன்று எண்களைக் கேட்டு எழுதி வாங்கிக்கொள்வது நல்லது. ஒட்டுமுடி வைத்திருப்பவர்கள் பசைப் புட்டியின் பெயரையும் குறித்துக்கொண்டு போகலாம். கண் சிவந்து வீங்கும் நாளில் மருத்துவர் முதலில் கேட்பது அந்தப் பெயரைத்தான்.