நாகைக் கோட்டைக்கு ஓர் அஞ்சலி

நாகப்பட்டினத்தில் டச்சுக்காரர்கள் கட்டிய கடற்கரைக் கோட்டையின் மதிலோ கொத்தளமோ இன்று நிற்கவில்லை. வடக்கே தரங்கம்பாடியில் டேனிஷ்காரர்களின் டான்ஸ்போர்க் இருக்கிறது. கடலுக்கு அப்பால் யாழ்ப்பாணத்தில் டச்சுக் கோட்டையே இருக்கிறது. நாகைக் கோட்டைக்கு மட்டும் அந்த ஆயுசு வாய்க்கவில்லை.

1658-ல் போர்த்துக்கீசியரிடமிருந்து நாகையைப் பிடித்தது டச்சுக் கம்பெனி. தஞ்சையை ஆண்ட விஜயராகவ நாயக்கரும், பின்னால் வந்த மராட்டிய ஏகோஜியும் வெள்ளிப் பட்டயத்தில் உரிமை எழுதிக் கொடுத்தார்கள். 1690-ல் பழவேற்காட்டிலிருந்து தலைமையிடமும் இங்கே மாறியது. சோழமண்டலக் கரையில் தங்கள் துணி வணிகத்தை டச்சுக்காரர்கள் இந்தக் கோட்டையிலிருந்தே நடத்தினார்கள். பீரங்கிகள் காவல் நின்றது அந்தச் சரக்குக்கும் பணத்துக்கும்தான்.

1781 அக்டோபரில் ஹெக்டர் மன்றோவின் ஆங்கிலேயப் படை தரையிலும், எட்வர்ட் ஹியூஸின் கப்பல்கள் கடலிலும் சூழ்ந்தன. ஹைதர் அலியின் வீரர்கள் உள்ளே இருந்தும் பயனில்லை. நவம்பரில் கோட்டை சரணடைந்தது. 1784 உடன்படிக்கையில் நாகை ஆங்கிலேயருக்கே போனது.

அந்நியன் கட்டிய கோட்டைக்கு நாம் ஏன் துக்கப்பட வேண்டும்? இந்தத் துறை வழியாகப் போனவர்களுக்காக. பீஜப்பூர்ப் படை தஞ்சைச் சீமையைச் சூறையாடியபின் பஞ்சம் வந்தது. 1659 முதல் 1661 வரை நாகை, பழவேற்காடு முதலிய துறைகளிலிருந்து 8,000 முதல் 10,000 பேர் வரை அடிமைகளாக இலங்கைக்கும் பத்தாவியாவுக்கும் மலாக்காவுக்கும் கப்பலேறினார்கள். நெல் விளையும் காவிரிச் சீமையிலேயே, சோற்றுக்கு வழியின்றி மனிதர்கள் விலைபோனார்கள். மறுபடி போர் மூண்ட 1694 முதல் 1696 வரை, தனியார் மட்டும் இந்தக் கரையிலிருந்து இலங்கைக்குக் கொண்டுபோன அடிமைகள் 3,859 பேர். அப்போது நாகை டச்சுக்காரர்களின் தலைநகரம்.

கோட்டை நின்றிருந்தால் பள்ளிப் பிள்ளைகளை அழைத்துப்போய், அந்த மதிலைக் காட்டி இந்தக் கதையைச் சொல்லியிருக்கலாம். கொடுமை செய்தவன் கட்டிய சுவரும் கொடுமைக்குச் சாட்சிதான். சுவர் போய்விட்டது, கணக்கு ஏட்டில் இருக்கிறது. நாகைக் கடற்கரையில் ஒரு கல் நட்டு, அந்த எண்களைத் தமிழில் வெட்டி வைக்க வேண்டும். ஊர் பெயர் தெரியாமல் போன அந்த மக்களுக்கு நாம் பட்டிருக்கும் கடன் அது.