ஒட்டுமீசைக்காரர்

ஹாஸ்யப் படங்களின் சரித்திரத்தை எழுதப் புகுந்தவர்கள் பெரும்பாலும் கதாநாயகர்களையே போற்றிவிட்டு, அந்நாயகர்களின் குறும்புக்கெல்லாம் இலக்காக நின்ற துணை நடிகர்களை மறந்துவிடுகிறார்கள். அவ்விதம் மறக்கத் தகாதவர் ஜேம்ஸ் ஃபின்லேசன். 1887-இல் ஸ்காட்லாந்தின் லார்பெர்ட்டில் ஜனித்து, 1911-இல் அமெரிக்கா சென்று, நாடக மேடையிலும் பின்னர் மாக் ஸென்னட்டின் ஊமைப்படங்களிலும் தேர்ச்சி பெற்ற அவர், ஹால் ரோச்சின் ஸ்டூடியோவில் லாரல்-ஹார்டி ஜோடியின் ஓயாத விரோதியாக அமைந்து, அவர்களுடன் 33 படங்களில் தோன்றினார்.

வழுக்கைத் தலையும், ஒட்டுமீசையும், ஒரு கண்ணைச் சுருக்கி மறுகண்ணை உருட்டும் பார்வையுமே அவருடைய ஆயுதங்கள். 1929-இல் வெளிவந்த 'பிக் பிஸினஸ்' என்னும் ஊமைப்படத்தில், கலிபோர்னியாவில் வீடு வீடாகக் கிறிஸ்துமஸ் மரம் விற்க வந்த இருவரையும் வேண்டாமென்று திருப்பியனுப்பும் வீட்டுக்காரராக அவர் வருகிறார். கதவிடுக்கில் சிக்கிய கிளையில் தொடங்கிய அற்பப் பிணக்கு, அவர்கள் இவர் வீட்டைத் தகர்க்க, இவர் அவர்களுடைய மோட்டார் வண்டியைத் துண்டு துண்டாகப் பிய்த்தெறிய, ஒரு பிரளயமாகவே முற்றுகிறது. அந்தக் கோபத்தைப் படிப்படியாக ஏற்றிக்காட்டும் அவருடைய நிதானம்தான், என் அபிப்பிராயத்தில், அப்படத்தின் ஜீவன்.

பேசும் படம் வந்தபின், ஆத்திரம் தொண்டையில் அடைபடும்போது அவர் நீட்டி முழக்கிய 'டோ' என்னும் ஒலி பிரசித்தமாயிற்று. வெகுகாலத்துக்குப் பின் 'சிம்ப்ஸன்ஸ்' என்னும் தொலைக்காட்சிச் சித்திரத்தில் ஹோமருக்குக் குரல் கொடுத்த டான் காஸ்டெல்லனெட்டா அதையே சுருக்கி எடுத்துக்கொண்டார். 1937-இன் 'வே அவுட் வெஸ்ட்'டில், தந்தையை இழந்த பெண்ணின் தங்கச் சுரங்கப் பத்திரத்தை அபகரிக்கும் மதுக்கடைக்காரராக அவர் சோபித்தார். பிற்காலத்தில் கிடைத்தவை பெரும்பாலும் சிறு வேஷங்களே. 1953-ஆம் ஆண்டு அக்டோபர் 9-ஆம் தேதி அவர் காலமானார். 'பிக் பிஸினஸ்' 1992-இல் அமெரிக்க தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்க்கப்பட்டது.