டெலிவரி சலானில் இல்லாதவர்கள்

திருப்பூர் வேலம்பாளையத்தில் ஒரு நிட்டிங் கம்பெனி வாசலில் இறங்கும் நூல் மூட்டை, பனியனாகி அட்டைப்பெட்டிக்குள் போவதற்குள் ஏழெட்டு முதலாளிகளின் கையைக் கடந்துவிடும். நூல் ஒருவருடையது, அதைத் துணியாக ஓட்டித் தருபவர் வேறொருவர். துணி அங்கிருந்து சாயப்பட்டறைக்கு, பிறகு காம்பாக்டிங்குக்கு, பிரிண்டிங்குக்கு, எம்பிராய்டரிக்கு என்று டெம்போவில் போய்க்கொண்டே இருக்கும். இத்தனை இடத்திலும் சரக்குக்குச் சாட்சி ஒரு டெலிவரி சலான்தான்: எத்தனை ரோல், எத்தனை கிலோ, என்ன டயா, என்ன ஜிஎஸ்எம், என்ன கலர். கூலி முப்பது நாளில் வரலாம், தொண்ணூறு நாளும் ஆகலாம். பல லட்சம் பெறும் துணியை அடுத்தவர் கூரைக்குக் கீழே போட்டுவிட்டு இரவு நிம்மதியாகத் தூங்க முடிகிறது என்றால், வக்கீல் நோட்டீஸை விட ஊர்ப்பேச்சுக்குப் பயம் அதிகம் என்பதே காரணம். எடையில் கை வைத்தவர், சொன்ன தேதியில் பணம் தராமல் இழுத்தடித்தவர் என்று பெயர் கெட்டுவிட்டால் அடுத்த மாதம் நூல் கடன் கிடைக்காது. திருப்பூரின் தொழில் வரலாற்றைச் சொல்பவர்கள் இயந்திரத்தையும் ஏற்றுமதியையும் முதலில் கணக்கெடுக்கிறார்கள். இந்த நாணயத்தையும் அவற்றோடு சேர்க்க வேண்டும். அது யார் வரைக்கும் செல்லுபடியானது என்பதையும் விடாமல் சேர்க்க வேண்டும்.

1925 வாக்கில் குலாம் காதர் பின்னல் இயந்திரத்தைக் கொண்டுவந்து தொடங்கிய கம்பெனியிலிருந்து திருப்பூரின் பனியன் கதையைச் சொல்வது வழக்கம். ஆனால் இன்றைய திருப்பூரின் முகம் அதற்குப் பல பத்தாண்டுகள் கழித்து உருவானது. கிணறு வற்றிய தோட்டங்களிலிருந்து பனியன் கம்பெனிக்கு வேலைக்கு வந்த கவுண்டர் வீட்டுப் பிள்ளைகள் தொழிலாளியாக இருந்து, பங்காளிகளோடு சேர்ந்து நாலு மிஷின் போட்டு, முதலாளிகள் ஆனார்கள். ஷரத் சாரி 2004-ல் வெளியிட்ட ஆய்வு நூல் இந்த மாற்றத்தைத்தான் விரிவாக ஆராய்கிறது. தாங்கள் மேலே வந்த கதையை அவர்கள் ஒரே சொல்லில் அடக்கினார்கள்: உழைப்பு. மாமன், மச்சான், பங்காளி உறவுகளே அவர்களுக்கு வங்கியாகவும் ஜாமீனாகவும் இருந்தன. அவிநாசி ரோட்டை ஒட்டிய வேலம்பாளையம் இந்த வளர்ச்சியில் தோட்டங்களையெல்லாம் கம்பெனிகளுக்கும் லைன் வீடுகளுக்கும் கொடுத்துவிட்டு, தனி நகராட்சியாகி, 2011-ல் திருப்பூர் மாநகராட்சியோடு சேர்ந்தது. ‘15 வேலம்பாளையம்’ என்ற பழைய எண் மட்டும் பேரோடு ஒட்டிக்கொண்டு இன்னும் இருக்கிறது.

இந்த நேர்மையைக் குறைத்துப் பேசுவது என் நோக்கமல்ல. எழுத்தில் இல்லாத வாக்கைக் காப்பாற்றுவது பெரிய விஷயம். ஆனால் அதன் எல்லையைப் பாருங்கள்: யாரிடம் சரக்கு வாங்குகிறோமோ, யாருக்குக் கூலிக்கு ஓட்டிக் கொடுக்கிறோமோ, நாளை யார் முகத்தில் விழிக்க வேண்டுமோ, அவர்கள் வரைக்கும்தான் அது நீண்டது. பழைய இலக்கியமும் இதே எல்லைக்குள்தான் நின்றது. பட்டினப்பாலை காவிரிப்பூம்பட்டினத்து வணிகர்களைப் புகழும்போது, கொடுப்பவருக்கும் வாங்குபவருக்கும் நடுவே அவர்கள் காட்டிய நடுநிலையைத்தான் புகழ்கிறது. பேரத்துக்கு வெளியே நிற்கும் மூன்றாம் ஆளுக்கு அந்தப் படத்தில் இடமில்லை. திருப்பூரின் நூறாண்டு வரலாறு காட்டுவதாக நான் நினைப்பது இதுதான்: முதலாளிகளின் குணம் திருந்தியதால் இந்த ஊரில் அறம் விரியவில்லை. சலானில் பெயர் இல்லாத ஒருவர் வலிய வந்து பேச்சில் உட்கார்ந்த ஒவ்வொரு முறையும் அது விரிந்தது.

முதலில் வந்து உட்கார்ந்தவர்கள் தொழிலாளர்கள். வேலம்பாளையத்துக்குப் பக்கத்திலேயே அனுப்பர்பாளையத்தில் பித்தளை, செம்பு, எவர்சில்வர் பாத்திரப் பட்டறைகள் இருக்கின்றன. அங்கே கூலி என்பது முதலாளி மனமிரங்கித் தருவதாக இல்லை. உற்பத்தியாளர் சங்கமும் தொழிற்சங்கங்களின் கூட்டுக் குழுவும் உட்கார்ந்து பேசி, பாத்திர வகைவாரியாகக் கூலியை எழுதி, கையெழுத்துப் போட்டு, காலம் முடிந்ததும் மறுபடி பேசுகிறார்கள். பனியன் தொழிலில் இதற்கு நிகரான பெரும் நிகழ்வு 1984-ல் பஞ்சப்படிக்காக நடந்த 127 நாள் வேலைநிறுத்தம். விலைவாசி ஏறினால் கூலியும் ஏற வேண்டும் என்பது நியாயமான கேள்வி என்று இன்று எல்லோரும் ஒப்புவார்கள். ஆனால் அதைக் கேட்க நாலு மாதத்துக்கு மேல் அடுப்பில் பூனை தூங்க வேண்டியிருந்தது. அதற்குப் பின் நடந்ததும் முக்கியம். ஏற்றுமதி பெருகியபோது பெரிய கம்பெனிகள் வேலையைத் துண்டு துண்டாக்கி ஜாப் ஒர்க்குக்கும் காண்ட்ராக்டருக்கும் பிரித்து விட்டன. பவர் டேபிளில் உட்கார்ந்த டெய்லருக்கும், துணி மடிக்கும் கைமடி ஆளுக்கும் முதலாளி யார் என்பதே மங்கிப்போனது. ஒப்பந்தம் காகிதத்தில் இருந்தது. அது பொருந்தும் ஆட்களின் எண்ணிக்கை குறைந்தது. வேலை நடக்கும் விதத்தை மாற்றியே ஒருவரைப் பேச்சிலிருந்து எழுப்பி வெளியே அனுப்பிவிட முடியும் என்பதை அப்போதுதான் ஊர் கண்டது.

அடுத்து வந்தவர்கள் ஆற்றின் கீழ்க்கரை விவசாயிகள். வெள்ளியங்கிரி மலையில் பிறக்கும் நொய்யல் கோவை, திருப்பூர் வழியாக ஓடி, கரூர் மாவட்டத்தில் காவிரியில் சேர்கிறது. எழுபதுகள் வரை திருப்பூர் பெரும்பாலும் வெள்ளைப் பனியன் ஊர். சலவைப்பட்டறைக்கு மேல் பெரிய தேவை இல்லை. ஐரோப்பிய ஆர்டர்கள் வரத் தொடங்கிய எண்பதுகளில் கலர் வந்தது, கலரோடு உப்பும் வந்தது. பருத்தித் துணியில் சாயம் ஏறிப் பிடிக்க வேண்டுமானால் சாயத்தொட்டியில் உப்பை அள்ளிக் கொட்ட வேண்டும். அடர்த்தியான கறுப்புக்கும் நீலத்துக்கும் இன்னும் அதிகம். சாயத்தின் பெரும்பகுதி துணியோடு போய்விடும், உப்பு தண்ணீரோடு அப்படியே வெளியேறும். 1981-ல் எழுபதுக்கும் குறைவாக இருந்த சாய, சலவைப் பட்டறைகள் 1997-ல் 800-ஐத் தாண்டின. தொண்ணூறுகளின் கடைசியில் கட்டப்பட்ட பொதுச் சுத்திகரிப்பு நிலையங்கள் நிறத்தை எடுத்தன, உப்பை எடுக்கவில்லை. கண்ணாடி டம்ளரில் பிடித்தால் தெளிந்த நீர். வாயில் வைத்தால் கரிக்கும், வயலில் பாய்ச்சினால் மண் வெளுக்கும். லிட்டருக்கு 2,100 மில்லிகிராம் என்பது கரைந்த உப்புக்கு மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் வைத்த வரம்பு. பட்டறை நீர் அதைப் பல மடங்கு மீறியது.

1992-ல் ஒரத்துப்பாளையத்தில் நொய்யலின் குறுக்கே ஓர் அணை கட்டி முடிக்கப்பட்டது. ஈரோடு, கரூர்ப் பகுதியில் சுமார் பத்தாயிரம் ஏக்கருக்குப் பாசனம் என்பது திட்டம். சில ஆண்டுகளுக்குள் அது சாயநீர்த் தேக்கமாகிவிட்டது. அணை வேண்டும் என்று கேட்க வேண்டிய ஆயக்கட்டு விவசாயிகள், அணையில் தண்ணீரைத் தேக்காதே என்று போராடும் நிலைக்கு வந்தார்கள். விவசாயிகள் பட்டறை முதலாளிகளின் மாமன் மச்சான்களாகவே இருந்திருக்கலாம், அதே சாதிக்காரர்களாகவும் இருந்தார்கள். ஆனாலும் உறவு இங்கே உதவவில்லை, ஏனென்றால் அவர்களோடு கொடுக்கல் வாங்கல் இல்லை. 1996-ல் தொடங்கி அவர்கள் நீதிமன்றப் படி ஏறினார்கள். மாசுபடுத்தியவரே ஈடு கட்ட வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் அந்த ஆண்டு வேலூர் தோல் தொழிற்சாலை வழக்கில் நிலைநாட்டியது அவர்களுக்குக் கைகொடுத்தது. அதன் தொடர்ச்சியாக அமைந்த சூழல் இழப்பீட்டு ஆணையம் 2004-ல் நொய்யல் படுகையில் இருபத்தெட்டாயிரத்துக்கும் மேற்பட்ட விவசாயிகளுக்கு 24 கோடி ரூபாய்க்கு மேல் இழப்பீடு கணக்கிட்டது. 2006 டிசம்பரில் சென்னை உயர் நீதிமன்றம், ஒரு சொட்டுக் கழிவும் வெளியே போகக்கூடாது என்றும், அதுவரை வெளியேற்றும் நீருக்கு லிட்டர் கணக்கில் அபராதம் கட்ட வேண்டும் என்றும் உத்தரவிட்டது. 2009 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் அதை உறுதி செய்தது. அதன் பிறகும் நீர் ஓடிக்கொண்டிருந்ததால் 2011 ஜனவரி 28 அன்று எல்லாச் சாயப்பட்டறைகளையும் மூடச் சொன்னது உயர் நீதிமன்றம். எழுநூறுக்கும் மேற்பட்ட பட்டறைகளின் மின் இணைப்பு போனது.

பட்டறைக்காரர் தரப்பில் சொல்லப்படுவதைத் தட்டிக்கழிக்க முடியாது. கிலோவுக்கு இவ்வளவு ரூபாய் கூலி என்று வேலை எடுப்பவர், தான் மட்டும் உப்பை வடிகட்டினால் கூலியைக் கூட்ட வேண்டும். கூட்டினால் துணி அடுத்த பட்டறைக்குப் போய்விடும். இந்த வாதம் சரியானது, அதனால்தான் அது என் பக்கத்துக்கே வலு சேர்க்கிறது. தனி ஆளின் நல்லெண்ணம் எவ்வளவு இருந்தாலும் போட்டி அதைத் தின்றுவிடும் இடம் இது. எல்லோருக்கும் ஒரே நாளில் ஒரே விதி வந்தால்தான் நல்லவர் நல்லவராக இருந்தும் தொழிலில் நிற்க முடியும். அந்த விதியைச் சங்கமோ அரசோ முன்னமே கொண்டுவந்திருக்கலாம். கொண்டுவராததால் கீழ்க்கரைக்காரர் நீதிமன்றம் வழியாகக் கொண்டுவந்தார்.

இன்னொரு மறுப்பு கனமானது: சில ஆயிரம் ஏக்கருக்காகப் பல லட்சம் பேரின் வயிற்றில் அடிப்பதா? 2011-ல் வேலை இழந்து ஊர் திரும்பியவர்கள் ஆற்றில் ஒரு வாளி சாயநீரும் ஊற்றாதவர்கள். அவர்கள் பட்ட பாட்டை எந்தத் தீர்ப்பின் நியாயமும் ஈடு செய்யாது. ஆனால் தலை எண்ணி நியாயம் முடிவு செய்வதை ஏற்றுக்கொண்டால், பெரிய கூட்டம் சிறிய கூட்டத்தின் கிணற்றில் எதை வேண்டுமானாலும் கொட்டலாம் என்று ஆகிவிடும். மேலும் லட்சக்கணக்கானோர் பிழைப்பு கழிவைக் கொட்டினால்தான் நடக்கும் என்பதைப் பின்னால் வந்த ஆண்டுகள் பொய்யாக்கின. அரசு வட்டியில்லாக் கடன் கொடுத்தது. பொது நிலையங்களில் எதிர்ச் சவ்வூடுபரவலும் ஆவியாக்கிகளும் வந்தன, தண்ணீரையும் உப்புக் கரைசலையும் மீட்டுத் திரும்பச் சாயத்தொட்டிக்கே அனுப்பினார்கள். 2010-11-ல் சுமார் 12,000 கோடி ரூபாயாக இருந்த ஏற்றுமதி 2021-22-ல் 33,000 கோடியைத் தாண்டியது. இன்று வெளிநாட்டு வியாபாரிகளிடம் திருப்பூர் தன் பெருமையாக எடுத்துச் சொல்வதே இந்த ஜீரோ டிஸ்சார்ஜைத்தான். சட்டத்துக்குப் பயந்து செய்தது அறமாகுமா என்று கேட்பவர்களுக்கு இந்தப் பெருமையே பதில். கட்டாயத்தில் தொடங்கியது, பத்தாண்டில் தொழிலின் மானமாக மாறியிருக்கிறது. திருட்டுத்தனமாகக் கழிவைத் திறந்துவிடுபவர் இன்றும் உண்டு. அவரைக் காட்டிக்கொடுப்பதில் இப்போது சக பட்டறைக்காரருக்கும் அக்கறை இருக்கிறது.

வெளிநாட்டு வியாபாரிகள் கொண்டுவந்த ஆடிட்டும் கம்ப்ளையன்ஸும் இந்த வேலையைச் செய்யவில்லையா? ஓரளவு செய்தன. குழந்தைகள் கைமடி வேலையிலிருந்து குறைந்ததில், தீயணைப்புக் கருவியும் கழிப்பறையும் வந்ததில் அவற்றுக்குப் பங்குண்டு. ஆனால் எஸ்ஏ 8000 என்ற தொழிலாளர் நலச் சான்று பெற்றுச் சில வாரங்களே ஆன கராச்சியின் அலி எண்டர்பிரைசஸ் ஆலையில் 2012 செப்டம்பரில் தீப்பிடித்து 250-க்கும் மேற்பட்டோர் மாண்டார்கள். சான்று கொடுப்பவர் ஆடை வாங்குபவரின் கண்ணாகப் பார்க்கிறார், தையல் மேசையில் இருப்பவரின் வாயாகப் பேசுவதில்லை. நம் பக்கத்து நூற்பாலைகளில் மூன்றாண்டு முடிந்தால் கல்யாணத்துக்கு மொத்தத் தொகை என்று சொல்லி இளம்பெண்களை விடுதியில் அடைத்த சுமங்கலித் திட்டம், பனியன் கம்பெனிச் சுவரில் நன்னடத்தை விதிகள் கண்ணாடிச் சட்டத்துக்குள் தொங்கிய அதே காலத்தில்தான் நடந்தது. நூற்பாலை ஆடிட்டின் கணக்கில் வராத தூரத்தில் இருந்தது. தண்ணீரைச் சுத்தம் செய், ஆனால் துணி விலையை ஏற்றாதே என்று சொல்லும் வியாபாரியும் அறத்தின் செலவை வேறொருவர் தலையில் கட்டுகிறவர்தான்.

ஆக, வேலம்பாளையத்தில் இன்று கேட்க வேண்டியது அடுத்து யார் பெயர் விடுபட்டிருக்கிறது என்பதைத்தான். ஒடிசா, பீகார், ஜார்க்கண்ட் மாநிலங்களிலிருந்து வந்து லைன் வீடுகளில் தங்கியிருப்பவர்கள் பவர் டேபிளில் கணிசமான வேலையைச் செய்கிறார்கள்; கூலிப் பேச்சு நடக்கும்போது அவர்கள் மொழியில் பேச ஆள் இருப்பது அரிது. சுத்திகரிப்பு நிலையங்களில் நீரையும் நல்ல உப்பையும் மீட்ட பிறகு எதற்கும் உதவாத கலப்பு உப்பு மூட்டை மூட்டையாகக் கொட்டகைகளில் சேர்ந்துகொண்டிருக்கிறது. அதை எங்காவது கொண்டுபோய்த்தான் வைக்க வேண்டும். அந்த இடத்து ஊர்க்காரர்களை இடம் தேடும்போதே கூப்பிட்டு உட்கார வைப்பதா, கிணறு கரித்து அவர்கள் வழக்கோடு வந்த பிறகு பேசுவதா என்பது திருப்பூரின் சங்கங்களும் அரசும் இப்போதே முடிவெடுக்கக்கூடிய விஷயம்.