உடுநுவரைப் பாறையில் தமிழ்

கண்டிக்குத் தென்மேற்கே, உடுநுவரைப் பாறைகளின் மீது கடலாதெனியா, லங்காதிலக என்னும் இரு பௌத்த விகாரைகள் நிற்கின்றன. நான்காம் புவனேகபாகு கம்பளையிலிருந்து ஆண்ட நாளில், 1344இல் எழுந்தவை அவை.

கடலாதெனியாவின் கல் அதிட்டானத்தையும் தூண்களையும் காணும் தமிழர், நம் ஊர்ச் சிவன் கோயில் முன்னே வந்துவிட்டோமோ என மயங்குவர். கட்டிய தலைமைச் சிற்பி கணேஸ்வராச்சாரி என்கிறது கல்வெட்டு. உள்ளே வீற்றிருப்பவரோ புத்தர். அருகே திருமாலுக்கும் தனிக் கருவறை உண்டு. லங்காதிலகவின் புறச்சுவர் மாடங்களில் கணபதியும் கந்தனும் விபீடணனும் இடம்பெற்றுள்ளனர்.

இவற்றைத் தமிழர் சொத்தென்று மார்தட்டுவோரையும், தமிழின் சுவடே இல்லையென்று மறைப்போரையும் நாம் ஒருங்கே மறுக்கிறோம். லங்காதிலகப் பாறையில் சிங்களத்திலும் தமிழிலும் சாசனம் பொறித்திருக்கிறார்கள். 1956இல் தனிச் சிங்களச் சட்டம் இயற்றியவர்கள் அப்பாறையை ஒருமுறை சென்று பார்த்திருக்கலாம்!

ஆயினும் மன்னராட்சியைப் பொற்காலமெனப் போற்ற நாம் முன்வரவில்லை. அச்சாசனம் இரு மொழியிலும் பேசுவது விகாரைக்கு அளித்த நிலத்தைப் பற்றி. விகாரை நிலமென்றால், அதை உழுது ஊழியம் செய்யும் குடிகளும் உண்டு. அரசுக்குரிய இராசகாரியத்தை ஆங்கிலேயர் 1832இல் ஒழித்தனர். விகாரை நிலங்களில் அவ்வூழியம் அதன் பின்னரும் நீடித்தது.