கன்னடத்துப் பைங்கிளியின் தமிழ்: பி. சரோஜாதேவியின் திரைப்பேச்சு

தாய்மொழியல்லாத மொழியில் நடிக்கும் கலைஞரின் பேச்சை மதிப்பிடும்போது, தாய்மொழியின் ஒலிச்சாயலையும் பாத்திரத்திற்கென மேற்கொண்ட குரலையும் பிரித்துணர்தல் வேண்டும். இவ்வேறுபாடு பேணப்படாமையால் தமிழில் குறைத்து மதிப்பிடப்பட்டவர் பி. சரோஜாதேவி (1938-2025).

பெங்களூரில் பிறந்து அந்நகரிலேயே மறைந்த இவர், ‘மகாகவி காளிதாச’ (1955) என்னும் கன்னடப் படத்தின்வழி அறியப்பட்டார். தமிழில் ‘நாடோடி மன்னன்’ (1958), ‘கல்யாணப் பரிசு’ (1959) ஆகியன அவரை நிலைநிறுத்தின. பின்னதன் தெலுங்கு வடிவமான ‘பெள்ளி கானுக’விலும் (1960) அவர் நடித்தார், இந்திப் படங்களிலும் இடம்பெற்றார்.

கன்னடர் அவரை ‘அபிநய சரஸ்வதி’ என்றனர். தமிழர் ‘கன்னடத்துப் பைங்கிளி’ என்றனர். சரஸ்வதி சொல்லுக்குத் தலைவி. கிளியோ இன்மொழிக்கு உவமை. ஆயினும் சொல்லிக்கொடுத்ததைச் சொல்லும் பறவையும் அதுவே. தமிழர் வழங்கிய பட்டம் பாராட்டும்போதே அவரை வேற்றுமொழியினராகவும் சுட்டுகிறது.

தற்காலக் கன்னடத்தில் ழகரம் தனியொலியாக வழங்குவதில்லை. அம்மொழியில் ககரம் போன்ற வல்லொலிகளின் ஒலிப்புடை, ஒலிப்பிலா வடிவங்கள் பொருளை வேறுபடுத்துகின்றன. தமிழில் அவை பெரும்பாலும் சொல்லில் வரும் இடத்தைப் பொறுத்து அமைகின்றன. ஆகவே கன்னடர் பேசும் தமிழில் சில ஒலிகள் மாறுபடுதல் இயல்பு. ஆனால் சரோஜாதேவியின் பெயர்பெற்ற கொஞ்சுமொழி இத்தகையதன்று. அது நீட்டம், ஏற்ற இறக்கம், நிறுத்தம் ஆகியவற்றால் அமைவது. ‘நாடோடி மன்னன்’ படத்தில் வெளியுலகறியாது தீவில் வளர்ந்த பெண்ணுக்கு அது பொருந்தியது.

அது அவருடைய ஒரே குரலன்று என்பதற்குக் கன்னடப் படமான ‘கித்தூர் சென்னம்மா’ (1961) சான்று. 1824இல் ஆங்கிலேயக் கும்பினியை எதிர்த்த அரசியின் பாத்திரத்தில் ஆணைக்குரலே ஓங்கி நிற்கிறது.

தமிழிலேயே இதற்கு வலுவான சான்று ‘புதிய பறவை’ (1964). காதலியாகப் பழகும் லதா, குற்றத்தைத் துப்பறிய வந்தவள் என்பது இறுதியிலேயே தெரியவருகிறது. அதுவரை கேட்ட கொஞ்சுமொழி அவள் அணிந்த வேடத்தின் பகுதியாகிறது. தாய்மொழிச் சாயலை ஒரு காட்சியில் களைந்துவிட இயலாது. மேற்கொண்ட குரலைக் களையலாம்.

இப்படங்களுக்குத் துணையுரை எழுதுவோரும் குரல்மாற்றம் செய்வோரும் கருதவேண்டியது இதுவே. லதாவின் பேச்சைத் தொடக்கம் முதல் ஒரே நடையில் பெயர்த்தால் கதை எஞ்சும், நடிப்பு மறையும்.