குறிவரைவில் குடியேற்ற வரலாறு

எண்ணும் எழுத்தும் மனிதனுக்கு இரு கண்கள் என்பது வள்ளுவர் கருத்து. எனினும், நம் வகுப்பறைகளில் இவ்விரு கண்களும் ஒரே பொருளை நோக்குவது அரிது. கணிதப் பாடத்தில் மாணவர் பட்டைக் குறிவரைவு வரைகின்றனர். அதில் பழங்களின் விற்பனையே பேசப்படுகிறது. வரலாற்றுப் பாடத்தில் முன்னோர் கப்பலேறி வந்த செய்தியைப் படிக்கின்றனர். அங்கே எண்ணுக்கு இடமில்லை. வந்தவர் எத்தனை பேர், திரும்பியவர் எத்தனை பேர், மீளாதவர் எத்தனை பேர் என்னும் வினாக்கள் எழும்போதுதான் வரலாறு மாணவனின் குடும்பக் கதையாக மாறும்.

இவ்வினாக்களை எழுப்புவதற்கு ஜொகூர் மாநிலத்துக் கூலாய் ஏற்றதோர் இடமாகும். 1909-இல் ஜொகூரின் இரயில் பாதை முழுமை பெற்றபின், அதனை ஒட்டிய நிலங்களில் இரப்பர்த் தோட்டங்கள் பெருகின. தமிழ்த் தொழிலாளர் அங்கே பால்மரம் சீவினர். பின்னர்ச் செம்பனை பரவியது. சீனாய் வட்டாரத்தில் தொழிற்சாலைகள் எழுந்தன. 2008-இல் கூலாய் தனி மாவட்டமாயிற்று. பால்மரம், செம்பனை, தொழிற்சாலை என மூன்று காலங்களின் சுவடுகளையும் இங்குள்ள மாணவர் ஒரே நிலத்தில் காண்கின்றனர்.

சமுதாயச் செய்தியைக் குறிவரைவால் விளக்கும் முறை புதியதன்று. 1786-இல் வில்லியம் பிளேஃபேர் நாடுகளின் வணிகத்தைக் கோடுகளால் வரைந்து காட்டினார். 1900-இல் பாரிஸ் உலகக் கண்காட்சியில் டுபோய்ஸ் என்னும் அமெரிக்கக் கறுப்பின அறிஞர், தம் இனத்தாரின் கல்வி, தொழில், நிலவுடைமை ஆகியவற்றை வண்ணக் குறிவரைவுகளாக வைத்தார். அவற்றைக் கையால் வரைவதில் அட்லாண்டாப் பல்கலைக்கழக மாணவர் அவருக்குத் துணைநின்றனர். தம் மக்களின் கதையைத் தம் கையாலேயே வரைந்த மாணவர் அவர்கள். 1925-இல் வியன்னாவில் சமுதாயப் பொருளாதார அருங்காட்சியகம் ஒன்றை நிறுவிய ஓட்டோ நியூராத், ஒவ்வொரு சிற்றுருவமும் ஒரு குறிப்பிட்ட தொகையைக் குறிக்கும் முறையை வகுத்தார். தொகை பெருகினால் உருவம் பெரிதாவதில்லை. உருவங்களின் எண்ணிக்கையே கூடும். எழுத்தறியாத தொழிலாளியும் அதனைப் படிக்கலாம்.

கோடு சொல்லும் கதை

இம்முறைகளை நம் குடியேற்ற வரலாற்றுக்குப் பொருத்திப் பார்ப்போம். சிங்கப்பூர் உள்ளிட்ட மலாயாவில், மக்கள்தொகைக் கணக்கெடுப்புகளின்படி இந்தியர் தொகை 1921-இல் ஏறத்தாழ 4.7 இலட்சம், 1931-இல் 6.2 இலட்சம்; 1947-இல் 6 இலட்சம்; 1957-இல் 8.2 இலட்சம். அவருள் தமிழரே பெரும்பான்மையினர். ஓர் உருவம் ஓர் இலட்சம் பேரைக் குறிப்பதாகக் கொண்டு படக் குறிவரைவு அமைத்தால், 1931-க்கும் ஆறு உருவங்கள்; 1947-க்கும் ஆறு உருவங்கள். அப்பதினாறு ஆண்டுகளில் ஒன்றுமே நிகழவில்லை என்று மாணவன் முடிவு செய்வான். கோட்டுக் குறிவரைவு வரைந்தால், அங்கே கோடு சற்றே தாழ்ந்திருக்கும். அதற்கு முன்னும் பின்னும் உயர்ந்து செல்லும் கோடு இடையில் ஏன் தாழ்ந்தது? பாடம் தொடங்க வேண்டிய இடம் இதுவே.

உலகப் பொருளாதார மந்தத்தால் இரப்பர் விலை சரிந்தது. 1930 முதல் 1932 வரை ஒன்றரை இலட்சத்துக்கும் மேற்பட்ட இந்தியர் தாயகத்துக்குத் திருப்பி அனுப்பப்பட்டனர். நிலைமை சீரடைந்ததும் 1934 முதல் தொழிலாளர் மீண்டும் வருவிக்கப்பட்டனர். 1938-இல் இந்திய அரசு, உதவித்தொகையுடன் தொழிலாளர் மலாயாவுக்குக் குடிபெயர்வதைத் தடை செய்தது. பின்னர்ப் போர் மூண்டது. சயாம் பர்மா இரயில் பாதை அமைக்க, 1942, 1943 ஆம் ஆண்டுகளில் மலாயாவிலிருந்து எழுபதாயிரத்துக்கும் மேற்பட்ட தொழிலாளர் கொண்டு செல்லப்பட்டனர். அவருள் பெரும்பகுதியினர் தோட்டத் தமிழர். நோயாலும் பட்டினியாலும் பல்லாயிரவர் அங்கேயே மாண்டனர்.

விடுபட்ட புள்ளி

இங்கு ஆசிரியர் சுட்டிக்காட்ட வேண்டியது மற்றொன்றும் உண்டு. 1941-இல் நடைபெற வேண்டிய கணக்கெடுப்பு போரினால் நடைபெறவில்லை. ஆகவே, 1931-க்கும் 1947-க்கும் இடையே புள்ளி ஏதுமில்லை. இரு புள்ளிகளை நேர்கோட்டால் இணைக்கும்போது தாழ்வும் உயர்வும் மீண்டும் வீழ்ச்சியும் அக்கோட்டினுள் மறைந்துவிடுகின்றன. கோட்டை வரையக் கற்பிப்பதுடன், அது எதை மறைக்கிறது என வினவவும் கற்பித்தல் வேண்டும்.

ஒரு குறிவரைவின் குறையை மற்றொன்று நிறைவு செய்யும். ஆயிரம் ஆண்களுக்கு 1921-இல் ஏறத்தாழ நானூறு இந்தியப் பெண்களே இருந்தனர். 1947-இல் அறுநூறுக்கும் மேற்பட்டிருந்தனர். திரும்பியவரிலும் மாண்டவரிலும் ஆண்களே மிகுதி என்பது இதற்கு ஒரு காரணம். குடும்பங்கள் இம்மண்ணில் வேரூன்றின என்பது மற்றொரு காரணம். இரு குறிவரைவுகளையும் அருகருகே வைத்து நோக்குங்கால், தொகை தேங்கி நின்ற காலத்திலேயே வந்தேறிகள் குடிமக்களாக மாறத் தொடங்கினர் என்பது புலனாகும்.

நம் பள்ளிகளின் வரலாற்றுக்கும் இவ்வுண்மை பொருந்தும். 1957-இல் 888 தமிழ்ப்பள்ளிகள் இருந்தன. இன்று ஏறத்தாழ 530 உள்ளன. இப்பட்டைகளை மட்டும் காணும் மாணவன் தமிழ்க்கல்வி பெருமளவு தேய்ந்தது என்பான். அன்று ஏறத்தாழ 50,000 ஆக இருந்த மாணவர் தொகை இன்று அதனினும் கூடுதல் என்னும் இரண்டாம் குறிவரைவைக் கண்டால் அவன் எண்ணம் மாறும். தோட்டங்கள் துண்டாடப்பட்டதும், குடும்பங்கள் நகரை நாடியதும், சிறு பள்ளிகள் இணைந்ததும் மூடப்பட்டதும் அப்போது விளங்கும்.

கூலாய் வட்டாரத்து மாணவர், தம் குடும்பத்தார் முதன்முதலில் எந்தப் பத்தாண்டில் வந்தனர், எங்கிருந்து வந்தனர், என்ன தொழில் செய்தனர் எனப் பெரியோரிடம் கேட்டறிந்து வகுப்புக்குரிய குறிவரைவு ஒன்றை அமைக்கலாம். விடை தெரியாத வீடுகளுக்கும் அதில் ஒரு பட்டை வேண்டும். சொல்ல விரும்பாத குடும்பத்தின் பிள்ளையை வற்புறுத்தலாகாது. குடியுரிமை ஆவணம் பற்றிய வினா அறவே கூடாது.

அக்குறிவரைவின் வலப்புறம் இன்றைய நாளையும் எட்ட வேண்டும். இன்று நம் நாட்டின் தோட்டங்களிலும் தொழிற்சாலைகளிலும் இந்தோனேசியா, வங்காளதேசம், நேப்பாளம் ஆகிய நாடுகளிலிருந்து வந்தோர் உழைக்கின்றனர். வேலை மிகும்போது அழைக்கப்படுவதும் குறையும்போது அனுப்பப்படுவதும் அவர்களுக்கும் நேர்வனவே. 1930-இன் கோட்டைப் படித்துணர்ந்த மாணவன் அவர்களை வேற்றாராகக் கருதான். தன் கொள்ளுப்பாட்டனின் சாயலை அவர்களிடம் காண்பான். எண்ணும் எழுத்தும் இணைந்து ஒரே பொருளை நோக்குவதன் பயன் இதுவேயாகும்.