கண்டிச்சீமையின் தட்டுமுட்டுச் சாமான்கள்

எழுதப்பட்ட ஏடுகளிலும் பொறிக்கப்பட்ட கல்வெட்டுகளிலும் மட்டுமே சரித்திரத்தைத் தேடும் வழக்கம் நம் கல்வி நிலையங்களில் ஆழ வேரூன்றியிருக்கிறது. ஏட்டை எழுதுவித்தவன் யார், கல்லைப் பொறிப்பித்தவன் யார் என்று கேட்பவர் சிலரே. எழுத்தறிவு மறுக்கப்பட்ட மக்கள் கூட்டத்தின் சரித்திரத்தை எங்கே தேடுவது? அவர்கள் வெட்டிய பாதையிலும், குடியிருந்த அறையிலும், கைப்பிடியால் தேய்ந்த கத்தியிலும், முதுகில் சுமந்த கூடையிலும் தேடலாம். இவ்வகை ஆராய்ச்சிக்குக் கண்டி நகரையும் அதைச் சூழ்ந்த மலைகளையும் விடப் பொருத்தமான இடம் தமிழர் வாழும் நாடுகளில் அரிது.

கண்டி என்றதும் பிற நாட்டு யாத்திரிகனுக்கு நினைவில் எழுவன ஏரி, தலதா மாளிகை, பெரஹரா ஊர்வலம் ஆகியவை. ஆனால் திருச்சிராப்பள்ளி, சேலம், புதுக்கோட்டை, இராமநாதபுரம் பகுதிகளின் கிராமங்களில் 'கண்டிச்சீமை' என்ற சொல்லுக்கு வேறொரு பொருள் இருந்தது. மன்னனின் தலைநகரை அச்சொல் குறிக்கவில்லை. கங்காணியின் முன்பணத்தை வாங்கிக்கொண்டு கடலைக் கடந்து போகும் தோட்டப் பிரதேசம் முழுவதையும் அது குறித்தது. ஒரே பெயரைச் சுமந்து நிற்பவை இரண்டு கண்டிகள்.

முதற் கண்டியிலிருந்தே தொடங்குவோம். நகரின் நடுவே அமைதியாகக் கிடக்கும் ஏரி இயற்கையின் படைப்பு அன்று. வயல்வெளியாக இருந்த பள்ளத்தை நாயக்க வமிசத்துக் கடைசி மன்னன் ஸ்ரீ விக்கிரம ராஜசிங்கன் 1812ஆம் ஆண்டளவில் ஏரியாக்கினான். 'இராசகாரியம்' என்னும் கட்டாய ஊழிய முறைப்படி குடியானவர்களைத் திரட்டி அணையைக் கட்டுவித்தான். மக்களிடையே அந்த வேலை வெறுப்பை வளர்த்தது, பிரதானிகளும் முறுமுறுத்தனர். மூன்றாண்டுகளுக்குள், 1815இல், கண்டி ஆங்கிலேயர் வசமாயிற்று. மன்னன் வேலூருக்குக் கொண்டுசெல்லப்பட்டு அங்கேயே 1832இல் மாண்டான். கரையோரத்து 'முகிற் சுவ'ரின் அழகை வியந்து நிற்பவருக்கு அந்த மண்ணைச் சுமந்தவர்களின் முதுகு நினைவுக்கு வருவதில்லை. இன்று ஏரி அழகாகிவிட்டது. கட்டாய உழைப்பின் விளைவை இரண்டு தலைமுறைக்குள் அழகாக மாற்றிவிடும் திறமை நிலக்காட்சிக்கு உண்டு என்பதைக் கண்டி முதலில் அந்த ஏரியிலேயே காட்டுகிறது.

ஆங்கில ஆட்சி இராசகாரியத்தை உடனே கைவிட்டுவிடவில்லை. தேசாதிபதி எட்வர்ட் பார்ன்ஸ் காலத்துக் கொழும்பு–கண்டி வீதி அந்த ஊழியத்தைக் கொண்டே வெட்டப்பட்டது. கடுகண்ணாவைக் கணவாயில் அவ்வீதியின் பொறியியலாளர் கப்டன் டோசனுக்கு ஒரு கோபுரம் எழுப்பியிருக்கிறார்கள். பாறையைக் குடைந்தவர்களுக்கு அங்கே ஒரு செங்கல்லும் இல்லை. 1832இல் இராசகாரியம் ஒழிக்கப்பட்டது. அதற்குள் கம்பளைக்கு அருகே சிங்கபிட்டியில் ஜோர்ஜ் பேர்டும், பேராதனைக்கு எதிர்க்கரையில் கன்னொறுவையில் பார்ன்ஸும் கோப்பி பயிரிடத் தொடங்கியிருந்தனர். 1840ஆம் ஆண்டின் முடிக்குரிய காணிச் சட்டம், உரிமை காட்ட இயலாத காடுகளையும் சேனை நிலங்களையும் அரசுடைமை என்று அனுமானித்தது. ஏக்கர் 5 ஷில்லிங் வீதம் அந்நிலங்கள் துரைமாருக்கும் அரசாங்க உத்தியோகத்தர்களுக்கும் விற்கப்பட்டன. சிங்களக் குடியானவன் சொந்த வயலை விட்டுக் கூலிக்கு வர மறுத்தான். 1848இல் மாத்தளையில் கலகம் வெடித்தது. புரன் அப்பு கண்டியில் போகம்பறையில் சுட்டுக் கொல்லப்பட்டான். நிலமிழந்த சிங்களக் குடியானவனும், ஊரிழந்து வந்த தமிழ்க் கூலியாளும் ஒரே சுரண்டலின் இரு முனைகளில் நின்றார்கள். அவர்களைப் பகைவர்களாகக் காட்டும் சரித்திரம் பின்னர் எழுதப்பட்டது.

கோப்பிக் காலத்துத் தொழிலாளி பருவத்துக்கு வந்து பருவம் முடிந்ததும் திரும்பியவன். மன்னார்க் கரையில் இறங்கி, காட்டு வழியே அநுராதபுரத்தையும் தம்புள்ளையையும் கடந்து மாத்தளைக்கு நடந்தான். பசி, வாந்திபேதி, அம்மை ஆகியவற்றால் அவ்வழியில் வீழ்ந்தவர் பலர். காட்டைத் தாண்டி உயிருடன் வந்து சேர்ந்தவர்கள் மாத்தளையில் மாரியம்மனை வணங்கினார்கள் என்பது மரபு. அங்கே இன்று உயர்ந்து நிற்கும் முத்துமாரியம்மன் கோபுரத்தைப் பக்தர் ஒரு விதமாகப் பார்க்கட்டும். சரித்திர மாணவன் அதை மரணப் பாதையின் எல்லைக்கல்லாகவும் பார்க்க வேண்டும்.

1869இல் தோன்றிய இலைநோய் பதினைந்து இருபது ஆண்டுகளுக்குள் கோப்பியை அழித்தது. பட்டுப்போன கோப்பி மரங்களின் தண்டுகள் தேநீர் மேசைகளுக்குக் கால்களாக இங்கிலாந்துக்கு ஏற்றுமதியாயின என்று சொல்வதுண்டு. ஒரு பயிரின் பிணத்தின் மீது அடுத்த பயிரின் கிண்ணம் வைக்கப்பட்டது! தெல்தோட்டையை அடுத்த லூல்கந்துரவில் ஜேம்ஸ் டெய்லர் 1867இல் 19 ஏக்கரில் தேயிலை பயிரிட்டிருந்தார். தேயிலையின் தேவை வேறு வகையானது. அதற்கு ஆண்டு முழுவதும் கொழுந்து கிள்ளும் கைகள் வேண்டும். ஆகவே பெண்களும் குழந்தைகளுமாகக் குடும்பங்கள் மலையிலேயே தங்கின. ஆனால், பருவக் கூலிக்காக எழுந்த லயம் மாறவில்லை. 10 அடிக்கு 12 அடி அளவுள்ள ஒரு காமரா, முன்னே ஒரு சிறு இஸ்தோப்பு, முதுகோடு முதுகு ஒட்டிய மறுவரிசை. தங்கிச் செல்பவனுக்கென்று போட்ட கொட்டகையில் நான்கைந்து தலைமுறைகள் பிறந்து மடிந்தன. தற்காலிகம் என்ற சொல்லுக்கு மலையகத்தில் கிடைத்த விளக்கம் இது.

ஒரு தோட்டத்தின் அமைப்பைச் சற்று உற்று நோக்குங்கள். குன்றின் உச்சியில், காற்றும் காட்சியும் கிடைக்கும் இடத்தில், துரையின் பங்களா. அதன் கீழே கணக்கப்பிள்ளை முதலிய உத்தியோகத்தர்களின் வீடுகள். இன்னும் கீழே, பீலித் தண்ணீர் வழியும் பள்ளத்தில், லயங்கள். தோட்டத்தின் சமுதாய அமைப்பைப் பாடப்புத்தகத்தில் படிக்க வேண்டியதில்லை. மலைச்சரிவே அதை வரைந்து வைத்திருக்கிறது. அந்தப் படத்தில் வெள்ளையன் வரையாத ஒரு கோடும் உண்டு. ஊரில் சேரியும் தெருவும் பிரிந்திருந்தது போல லயங்களும் சாதிவாரியாகப் பிரிந்தன. கங்காணி தன் ஊர்ப் பெருமையைக் கப்பலில் ஏற்றியே கொண்டுவந்தான். இதை மறைத்துவிட்டு மலையகத்தின் துயரத்தைப் பேசுவது பாதி உண்மையைப் பேசுவதாகும்.

தப்பு என்னும் பறையை எடுத்துக்கொள்வோம். ஊரில் சாவுக்கும் திருவிழாவுக்கும் ஒரு சாதியாரின் கையில் திணிக்கப்பட்ட கருவி அது. தோட்டத்தில் அதுவே விடியற்கால மணியாயிற்று. தப்பொலி கேட்டதும் ஆணும் பெண்ணும் பிரட்டுக் களத்தில் வரிசையாக நிற்க வேண்டும். 'பரேட்' என்ற இராணுவச் சொல் தேய்ந்து 'பிரட்டு' ஆனது. செக்ரோலில் பெயர் பதிவது அங்கேதான். ஒருநாள் வேலைக்கு மலையகத்தார் வழங்கும் சொல்லே 'பேர்' என்பது. கொழுந்தின் நிறை குறைந்தால் 'அரைப்பேர்' போடுவார்கள். ஒரு மனிதனின் பெயர் பாதியாக வெட்டப்படுவதை இவ்வளவு துல்லியமாகச் சொல்லும் சொல் எந்தப் பொருளாதார நூலிலும் அகப்படாது.

ஆனால் அதே தப்பு மாசி மாதத்தில் வேறு குரலில் பேசியது. காமன் பொட்டலில் மன்மதனை எரித்து, இரதியின் புலம்பலைப் பாடி, இரவிரவாக ஆடும் காமன் கூத்துக்கு அது உயிர் கொடுத்தது. பொன்னர் சங்கரும் அருச்சுனன் தபசும் தோட்டத்துக்குத் தோட்டம் ஆடப்பட்டன. துரையின் வரைபடத்தில் அந்தப் பொட்டல் வெறும் இலக்கமிட்ட நிலத் துண்டு. தொழிலாளியின் மனத்தில் அது ஊரின் நடுமன்றம். அதற்குப் பத்திரம் எதுவும் அவனிடம் இல்லை என்பது வேறு விஷயம்.

கூடையைப் பற்றிச் சொல்லாமல் கண்டிச்சீமையைப் பற்றிப் பேச முடியாது. தலையில் மாட்டிய கயிறு, முதுகில் கூடை, இடுப்பில் படங்கு, செடியின் மட்டத்தைக் காட்டும் மட்டக் கம்பு. இந்தக் கோலத்தில் சிரித்து நிற்கும் பெண்ணின் படம் தேயிலைப் பெட்டிகளில் உலகமெங்கும் சென்றிருக்கிறது. விளம்பரக்காரனுக்குக் கூடை ஓர் அலங்காரம். அவளுக்கோ அது நிறை. கயிறு இழுத்து உச்சந்தலையில் மயிர் தேய்கிறது. மழையில் நனைந்த கொழுந்து முதுகை அழுத்துகிறது. கொழுந்து மடுவத்தில் தராசுக்காரன் நனைவுக்கென்று இத்தனை, கூடைக்கென்று இத்தனை என்று கழிக்கிறான். ஆணின் கூலியும் பெண்ணின் கூலியும் சமமாக்கப்பட்டது 1984இல்தான். அதுவரை, தோட்டத்துக்கு மிகுதியான வருவாயை ஈட்டித் தந்த கை குறைந்த கூலி வாங்கிய கையாக இருந்தது.

இனிக் காகிதத்துக்கு வருவோம். துண்டு என்றால் தமிழ்நாட்டில் தோளில் கிடப்பது. கண்டிச்சீமையில் அது தலையெழுத்து. ஒரு கங்காணியின் கீழுள்ள ஆட்களின் கடன் இவ்வளவு, அதைத் தீர்த்தால் அவர்களை விடுவிக்கத் தடையில்லை என்று துரை எழுதிக் கொடுக்கும் சீட்டே துண்டு. புதிய தோட்டத்தின் துரை கடனைக் கட்டி ஆட்களைப் பெற்றுக்கொள்வான். கட்டிய தொகை மீண்டும் அவர்கள் தலையிலேயே ஏறும். சந்தையில் மாடு கைமாறும்போதாவது மாட்டின் பேரில் கடன் எழுதுவதில்லை. 1921இல் சட்டம் இந்த முறையை ஒழித்தது. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வந்த 'தகர டிக்கட்' இன்னொரு சான்று. தோட்டத்தின் இலக்கமும் ஆளின் இலக்கமும் குத்தப்பட்ட சிறு தகரவில்லை. அதைக் காட்டினால் வழிச்செலவு தோட்டத்தின் கணக்கில் ஏறும். மனிதன் சரக்குச் சீட்டோடு அனுப்பப்பட்டான்.

இவ்வளவு காகிதமும் தகரமும் செலவிட்டு அந்த மக்களைக் கணக்கெடுத்த தேசத்தில், 1948ஆம் ஆண்டின் பிரஜாவுரிமைச் சட்டம் வந்தபோது நடந்ததைப் பாருங்கள். தகப்பனோ பாட்டனோ இலங்கையில் பிறந்ததற்கு அத்தாட்சி கேட்டார்கள். கடனுக்கு ஏடு இருந்தது. பிறப்புக்கு ஏடு இல்லை. நாள்தோறும் செக்ரோலில் பேர் விழுந்தவர்கள் ஒரே சட்டத்தில் நாடற்றவர்களானார்கள். அடுத்த ஆண்டே வாக்குரிமையும் பறிபோயிற்று. 1964இல் சிறிமாவும் சாஸ்திரியும் செய்துகொண்ட ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் என்று பங்கிட்டது. அண்ணன் ஒரு பங்கிலும் தங்கை மறு பங்கிலும் விழுந்த குடும்பங்கள் எத்தனையோ. அம்மியையும் அண்டாவையும் கட்டிக்கொண்டு கோச்சியேறித் தலைமன்னாருக்குப் போனவர்களில் பலருக்குக் கூடலூரிலும் கோத்தகிரியிலும் அதே தேயிலைச் செடியும் அதே கூடையும் காத்திருந்தன. எஞ்சியோரின் பிரஜாவுரிமைக்கு வழி திறக்க 2003ஆம் ஆண்டின் சட்டம் வர வேண்டியிருந்தது.

சரி, இந்தப் பொருள்களையெல்லாம் யார் பாதுகாக்கிறார்கள்? கண்டிக்கு மேலே ஹந்தானை மலையில், 1925இல் கட்டப்பட்ட தொழிற்சாலையொன்றில் 2001 முதல் தேயிலை நூதனசாலை இயங்குகிறது. இலை அரைக்கும் உருளைகளும் உலர்த்தும் யந்திரங்களும் எஞ்சின்களும் துடைத்து மெருகேற்றி வைக்கப்பட்டிருக்கின்றன. பார்க்கத் தக்கவையே; யந்திரத்தின் மீது நமக்குப் பகை இல்லை. டெய்லரின் நினைவும் அங்கே போற்றப்படுகிறது. லூல்கந்துரவில் அவர் அமர்ந்த கல்லுக்குக்கூட அவர் பெயர் இருக்கிறது. 1892இல் அவரைத் தோட்டத்து வேலையிலிருந்து நீக்கியது அந்தத் தோட்டத்தின் கம்பனி. சில காலத்தில் அவர் இறந்தார். மஹியாவை மயானத்துக்கு அவரது உடலைத் தொழிலாளர்களே நெடுந்தூரம் தோளில் சுமந்து சென்றார்கள் என்று கூறுவர். கல்லறையில் பொறிக்கப்பட்டிருப்பது அவரது புகழ். சுமந்த தோள்களின் பெயர் எங்கும் இல்லை. அதே ஹேவாஹெட்ட மலைப் பகுதியில்தான் முல்லோயாத் தோட்டமும் இருக்கிறது. கூலி உயர்வு கேட்டு வேலைநிறுத்தம் செய்த தொழிலாளருள் கோவிந்தன் 1940 ஜனவரி 10ஆம் நாள் பொலீஸாரின் குண்டுக்குப் பலியானது அங்கேயே. துரை அமர்ந்த கல்லைத் தேடிப் போகும் உல்லாசப் பயணிகளில் முல்லோயாவின் பெயரைக் கேள்விப்பட்டவர் எத்தனை பேர்?

இந்தக் குறையை நீக்க ஒரு முயற்சி கம்பளைப் பக்கத்தில் நடந்திருக்கிறது. கண்டியிலுள்ள சமூக அபிவிருத்தி நிறுவகம் 2007இல் தோட்டத் தொழிலாளர்களுக்கென்று ஒரு நூதனசாலையைத் திறந்தது. அதற்கு மாளிகை தேடவில்லை. ஒரு பழைய லயத்தையே எடுத்துக்கொண்டது. வேலைக் கருவிகள், சமையற் பாத்திரங்கள், இசைக் கருவிகள், பழைய பத்திரங்கள் முதலியன அங்கே சேர்ந்தன. ஹந்தானையின் எஞ்சினைப் போல இவை மினுங்குவதில்லை. அடுப்புக்கரி பிடித்த பானைக்கு மெருகு எப்படி ஏறும்? ஆயினும் நம் ஆசிரியர்கள் மாணவர்களை அழைத்துச் செல்ல வேண்டிய இடங்களில் இது முதலாவது என்பது நம் கருத்து. அங்கே போகுமுன் மாணவர்கள் தத்தம் வீட்டுப் பரணையும் ஒருமுறை பார்த்துவிட்டுப் போகட்டும்.

2023ஆம் ஆண்டு ஜூலை, ஆகஸ்ட் மாதங்களில், மலையகத்தார் வந்து 200 ஆண்டு நிறைந்ததை நினைவுகூர்ந்து தலைமன்னாரிலிருந்து மாத்தளை வரை நடந்தார்கள். காணி, வீடு, கூலி, சம உரிமை என்ற கோரிக்கைகள் அவர்களோடு நடந்தன. முன்னோர் ஒருவர் பின் ஒருவராக விழுந்த அதே வடக்குப் பாதையில், வழிநெடுகச் சிங்களவரும் முஸ்லிம்களும் வடபுலத் தமிழரும் வரவேற்க, அவர்கள் மாத்தளைக்குள் நுழைந்தார்கள். குடும்பத்துக்கு ஏழு பேர்ச் நிலம், பத்துப் பேர்ச் நிலம் என்று வாக்குறுதிகள் பலமுறை வழங்கப்பட்டிருக்கின்றன. வீடுகள் சிறுகச் சிறுகவே எழுகின்றன. கம்பளையில் கண்காட்சியாகிவிட்ட அதே 10 அடிக்கு 12 அடிக் காமராவில், கண்டியைச் சூழ்ந்த மலைகளில் இன்னும் எத்தனையோ குடும்பங்கள் அடுப்பு மூட்டுகின்றன. காலையில் பிரட்டுக்குப் போகின்றன. நிறை குறைந்தால் அரைப்பேர்.